எட்டு மணி நேரம் வைத்தும் ரப்பராக வந்த பாட் ரோஸ்ட்: ஒரு நிகழ்வு ஆய்வு

பாட் ரோஸ்ட் என்பது பெரிய இறைச்சித் துண்டைச் சாற்றோடு மூடிய சட்டியில் மெதுவாக வேகவைப்பது. ஸ்லோ குக்கரில் (மெல்லிய சூட்டில் மணிக்கணக்கில் சமைக்கும் மின்சட்டி), 'லோ' அமைப்பில், எட்டு மணி நேரம். செய்முறையில் எழுதியிருந்தது அவ்வளவுதான், குக்கரும் அவ்வளவு நேரம் ஓடியது. மூடியைத் திறந்தபோது 1.8 கிலோ மாட்டிறைச்சி உருண்டை வடிவம் துளியும் கலையாமல் சாம்பல் நிறத்தில் சாற்றுக்குள் கிடந்தது. முள்கரண்டி குத்தினால் இறங்கியது, ஆனால் திருப்ப முடியவில்லை. அறுத்து வாயில் போட்ட துண்டு பல்லுக்கு அடங்காமல் ரப்பர் போல எதிர்த்தது. அதே நேரம் வறண்டும் இருந்தது. கேரட் பாதிதான் வெந்திருந்தது. சாறு மட்டும் ஏராளம்: ஒன்றரை லிட்டருக்கும் மேல், தண்ணீராக.

இப்படி ஒரு சட்டியைப் பார்த்ததும் பெரும்பாலோர் சொல்வது ஒன்றுதான்: "ரொம்ப நேரம் வெந்துவிட்டது, ஆறு மணி நேரத்திலேயே எடுத்திருக்கணும்." அடுத்த முறை அப்படியே ஆறு மணி நேரத்தில் எடுப்பார்கள், கறி இன்னும் மோசமாக வரும். ஏனென்றால் அந்த முடிவு நேர் எதிர்த் திசையில் போகிறது. கறியின் நட்டநடுவில் தெர்மாமீட்டரைக் குத்தியபோது அது காட்டியது 77 டிகிரி (இங்கே எல்லா அளவும் செல்சியஸ்). அந்த ரோஸ்ட் வெந்தது போதவில்லை. சாப்பிடப் பாதுகாப்பான அளவை அது எப்போதோ தாண்டிவிட்டது. மிருதுவாகும் அளவைத்தான் தொடவில்லை. இந்த இரண்டு அளவுகளுக்கும் நடுவே பல மணி நேர இடைவெளி இருக்கிறது, கறி மிகக் கடினமாக இருப்பதும் அந்த இடைவெளியில்தான்.

முதல் சட்டிக்குள் போனவை

5.7 லிட்டர் கொள்ளளவுள்ள நீள்வட்ட ஸ்லோ குக்கர். கறி தோள்பட்டைப் பகுதி, அதாவது 'சக்'. எலும்பு நீக்கி, உருட்டி, நூல் கட்டியது, குறுக்களவு 11 செ.மீ. உறைநிலையில் இருந்த அதை முந்தைய இரவுதான் ஃப்ரீசரிலிருந்து எடுத்து ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்தார்கள். காலையில் வெளிப்புறம் இளகியிருந்தது, அழுத்திப் பார்த்தால் நடுவில் கட்டி இன்னும் தெரிந்தது.

கறியைச் சட்டியின் அடியில் வைத்து, அதன் மேல் 700 கிராம் உருளைக்கிழங்கு, 500 கிராம் கேரட், இரண்டு வெங்காயம். குளிர்ந்த இறைச்சிச் சாறு 750 மி.லி., அதோடு 400 கிராம் டின் தக்காளி. சட்டி விளிம்பை நெருங்கும் அளவுக்கு நிறைந்துவிட்டது. கறியை வாணலியில் வறுக்கவில்லை. காலை 9 மணிக்கு 'லோ'வில் போட்டு மாலை 5 மணிக்கு அணைத்தார்கள். நடுவில் நான்கு முறை மூடி திறக்கப்பட்டது: இரண்டு முறை கிளற, ஒரு முறை உப்புப் பார்க்க, ஒரு முறை வெறுமனே எட்டிப் பார்க்க.

தனித்தனியாகப் பார்த்தால் இவற்றில் எதுவும் பெரிய தவறாகத் தோன்றாது. எல்லாம் ஒரே சட்டியில் சேர்ந்ததுதான் சிக்கல்.

கறிக்குள் நடப்பது

தசைநார்கள் கட்டுக்கட்டாக இருக்கும். ஒவ்வொரு கட்டையும் ஜவ்வு ஒன்று உறைபோலச் சுற்றியிருக்கும். அந்த ஜவ்வின் முக்கியப் பொருள் கொலாஜன் என்ற புரதம். மாடு நடக்கவும் பாரம் தாங்கவும் அதிகம் பயன்படுத்தும் தோள்பட்டை, நெஞ்சு, கால் பகுதிகளில் இது கூடுதல்.

சூடு ஏற ஏறத் தசைநார்ப் புரதங்கள் சுருங்கும். 65 முதல் 75 டிகிரிக்குள் நார்கள் தம்முள் இருந்த நீரைப் பெருமளவு வெளியேற்றிவிடும். ஏறக்குறைய 60 டிகிரியைத் தாண்டியதும் ஜவ்வும் சுருங்கத் தொடங்கி, ஈரத்துணியை முறுக்கிப் பிழிவதுபோல நார்க்கட்டுகளை இறுக்கும். ஆக, 70 டிகிரியைத் தாண்டிய கறியில் இரண்டு கேடுகள் ஒன்றாக இருக்கின்றன: நீர் போய்விட்டது, ஜவ்வு இன்னும் கரையவில்லை. ரப்பர்த்தன்மையும் வறட்சியும் சேர்ந்தே வருவது இதனால்தான். முதல் சட்டி நின்ற 77 டிகிரி இந்தப் பள்ளத்துக்குள் இருக்கும் புள்ளி.

80 டிகிரிக்கு மேல் கொலாஜன் ஜெலட்டினாக (சாற்றில் கரையும் வழுவழுப்பான பொருளாக) மாறும் வேகம் கூடுகிறது, 90-ஐ நெருங்கும்போது இன்னும் விரைவாகிறது. போன நீர் திரும்பக் கறிக்குள் வருவதில்லை. 94 டிகிரிக் கறியில் 77 டிகிரிக் கறியைவிட நீர் குறைவாகத்தான் இருக்கும். ஆனால் நார்களைக் கட்டியிருந்த உறை கரைந்துவிட்டதால் அவை தாமாகப் பிரிகின்றன. கரைந்த ஜெலட்டினும் உருகிய கொழுப்பும் ஒவ்வொரு நாரின் மேலும் பூசிக்கொள்கின்றன. வாயில் நாம் 'சாறு நிறைந்தது' என்று உணர்வது அந்தப் பூச்சைத்தான். (60-65 டிகிரியிலேயே ஒரு நாள், ஒன்றரை நாள் வைத்தாலும் ஜவ்வு கரையும். அதற்கு வெப்பத்தைத் துல்லியமாகப் பிடித்து வைக்கும் வேறு கருவி வேண்டும். ஸ்லோ குக்கர் அதற்கானதல்ல.)

எனவே பாட் ரோஸ்டுக்கான இலக்கு, நடுப்பகுதி 92 முதல் 96 டிகிரி. எட்டு மணி நேரம் என்பது அங்கே போய்ச் சேர ஆகக்கூடிய நேரத்தைப் பற்றிய ஒரு மதிப்பீடு மட்டுமே.

77-லேயே நின்றது ஏன்

முதல் காரணம் தடிமன். மற்ற எல்லாவற்றையும் சேர்த்தாலும் இதன் கனம் வராது. கறிக்குள் வெப்பம் ஊடுருவ ஆகும் நேரம் தடிமனின் இருமடிக்கு ஏற்பக் கூடும். 6 செ.மீ. தடிமனுள்ள துண்டோடு ஒப்பிட்டால் 11 செ.மீ. உருளைக்கு ஏறத்தாழ மூன்று மடங்குக்கு மேல் நேரம் பிடிக்கும். செய்முறைகள் எடையைச் சொல்கின்றன, தடிமனைச் சொல்வதில்லை. 1.8 கிலோவைத் தட்டையாக வைத்தால் ஒரு கணக்கு, உருட்டிக் கட்டினால் வேறு கணக்கு. உருட்டிக் கட்டுவது ஓவனில் வாட்டும் ரோஸ்டுக்கு அழகு. ஸ்லோ குக்கருக்கு அது தடை.

இரண்டாவது, நடுவில் இருந்த பனி. ஒரு கிராம் பனியை உருக்க மட்டும் ஆகும் வெப்பம், அதே ஒரு கிராம் தண்ணீரை 0 டிகிரியிலிருந்து 80 டிகிரிக்குக் கொண்டுபோகப் போதுமானது. நடுவில் நூறு, நூற்றைம்பது கிராம் பனி மீதமிருந்தாலே பல நிமிடங்களின் வெப்பம் அதற்குள் போய்விடும். அதுவும் வெப்பம் கடைசியாக வந்து சேரும் இடத்தில். பெரிய கறித்துண்டு ஃப்ரிட்ஜில் முழுதாக இளக ஒரு நாள் முழுக்கவோ அதற்கு மேலோ ஆகும், ஓர் இரவு போதாது. இதில் பாதுகாப்புக் காரணமும் இருக்கிறது. 4 டிகிரிக்கும் 60 டிகிரிக்கும் இடைப்பட்ட வெப்பத்தில் கிருமிகள் வேகமாகப் பெருகும். உறைந்த கறி அந்த இடைவெளியில் வெகுநேரம் கிடக்கும். அமெரிக்க வேளாண்மைத் துறையின் வழிகாட்டுதலும், இறைச்சியை முழுதாக இளக்கிய பிறகே ஸ்லோ குக்கரில் இடச் சொல்கிறது.

மூன்றாவது, குளிர்ந்த நிலையில் போன பெருஞ்சுமை. இது 200 முதல் 300 வாட் அளவில் வேலை செய்யும் சாதனம். தண்ணீர் கொதிக்கவைக்கும் மின்கெட்டில் அதைப்போல ஏழெட்டு மடங்கு மின்சாரம் இழுக்கும். இவ்வளவு மெல்லிய வெப்பத்தின் தலையில் நாலரைக் கிலோவைக் குளிரக் குளிர ஏற்றினால் சட்டி முழுவதும் சூடாகவே பாதிப் பகல் போய்விடும். சட்டியைப் பாதிக்குக் குறையாமலும் மூன்றில் இரண்டு பங்குக்கு மிகாமலும் நிரப்பச் சொல்வது இதற்காகத்தான்.

நான்காவது, மூடி. மூடியின் உட்புறத்தில் ஆவி குளிர்ந்து, துளித்துளியாக ஓரத்துக்கு வழிந்து, மூடிக்கும் சட்டிக்கும் நடுவே மெல்லிய நீர்க்கோடாக நிற்கும். அந்த நீர்க்கோடுதான் உள்ளே இருக்கும் ஆவியைத் தடுத்து வைக்கிறது. மூடியைத் தூக்கினால் ஆவியும் போகும், நீர்க்கோடும் கலையும். இழந்த வெப்பத்தை ஈடுகட்ட ஒவ்வொரு முறையும் 20 நிமிடம் முதல் அரை மணி நேரம் கூடுதலாகக் கணக்கிட வேண்டும். நான்கு முறை திறந்ததால் எட்டு மணி நேரச் சமையலில் ஒன்றேகால் மணி நேரத்துக்குக் குறையாமல் போயிற்று.

பரவலாக உள்ள ஒரு தவறான எண்ணத்தையும் இங்கே சொல்லிவிட வேண்டும். 'லோ' என்றால் குறைந்த வெப்பநிலை, 'ஹை' என்றால் அதிக வெப்பநிலை என்று நினைக்கிறோம். பெரும்பாலான ஸ்லோ குக்கர்களில் இரண்டும் கடைசியில் போய்ச் சேரும் இடம் ஒன்றே, கொதிநிலைக்குச் சற்றுக் கீழே. வேறுபாடு அங்கே போய்ச் சேரும் நேரத்தில்தான்: 'ஹை'யில் மூன்று, நான்கு மணி நேரம் என்றால் 'லோ'வில் ஏழு, எட்டு மணி நேரம். அதாவது 'லோ'வில் எட்டாவது மணியில்தான் சாறே உச்ச வெப்பத்தைத் தொடுகிறது. 11 செ.மீ. கறியின் நடுப்பகுதிக்கு அந்த வெப்பம் அதற்குப் பிறகுதான் போகும்.

கேரட் வேகாததற்குக் காரணம் வேறு. காய்களின் செல்களை ஒட்டவைத்திருக்கும் பெக்டின் இளக 85 டிகிரி அளவு வேண்டும், அமிலம் இருந்தால் அது இன்னும் தாமதமாகும். முதல் சட்டியில் காய்கள் மேலே, வெப்பத்துக்குத் தொலைவில் இருந்தன. தக்காளியின் புளிப்பு வேறு. ஸ்லோ குக்கரின் வெப்பக்கம்பி பெரும்பாலும் சட்டியின் பக்கச்சுவரைச் சுற்றி ஓடுகிறது. ஸ்லோ குக்கரைக் கண்டுபிடித்த இர்விங் நாக்சன் 1940-ல் காப்புரிமை பெற்ற மூல வடிவமே அப்படித்தான். ஆகவே காய்களுக்கு இடம் அடியிலும் சுவரோரத்திலும்தான். அந்தப் பழைய சாதனம் பீன்ஸ் வேகவைக்கும் சட்டியாகத்தான் விற்பனைக்கு வந்தது என்பதால் ஓர் எச்சரிக்கை: ரோஸ்டோடு காய்ந்த சிவப்பு பீன்ஸ் சேர்ப்பதானால் ஊறவைத்து, அடுப்பில் பத்து நிமிடமாவது நன்றாகக் கொதிக்கவிட்ட பிறகே சேர்க்க வேண்டும். அதில் உள்ள நச்சுப் புரதம் 'லோ' வெப்பத்தில் அழியாது.

அதே கறியை மீட்டது

77 டிகிரியில் நின்ற கறி வீணான கறி அல்ல. வெளியே எடுத்து, நூலை அறுத்து, குறுக்கே மூன்று துண்டாக வெட்டியதில் ஒவ்வொன்றும் 6 செ.மீ. தடிமனுக்கு வந்தது. சாற்றை முழுதாக வடித்து, அதில் 400 மி.லி. மட்டும் அடுப்பில் கொதிக்கவைத்துத் திரும்ப ஊற்றி, காய்களை அடியில் பரப்பி, மேலே கறியை வைத்து, 'ஹை'யில் இரண்டேகால் மணி நேரம் விட்டதில் நடுப்பகுதி 94 டிகிரியைத் தொட்டது. முள்கரண்டி திரும்பியது. உட்பகுதி நன்றாக வந்தது. முதலில் உருளையின் வெளிப்புறமாக இருந்த ஓரங்கள் மட்டும் சற்றே வறண்டிருந்தன, ஏனென்றால் அவை இரண்டு சமையலையும் முழுதாக வாங்கியவை.

மீட்கும்போது 'வார்ம்' அமைப்பில் விட்டு வைப்பதில் பயனில்லை. அது ஏறத்தாழ 74 டிகிரியில் உணவைச் சூடாக வைத்திருக்க மட்டுமே. கறி அதே பள்ளத்தில் கிடக்கும்.

இரண்டாவது சட்டி: திருத்திய முறை

கறி 1.5 கிலோ, அதே தோள்பட்டைப் பகுதி. வாங்கும்போது பார்க்க வேண்டியது உள்ளே மெல்லிய கோடுகளாக ஓடும் வெண்கொழுப்பு. வெளியே தடித்துக் கிடக்கும் கொழுப்புப் பட்டை கறியை மிருதுவாக்காது, சாற்றில் எண்ணெயாக மிதக்கும். அதை அரை செ.மீ. அளவு விட்டுவிட்டுச் சீவினோம். வெள்ளி போல் மின்னும் தோல் இருந்தால் கத்திமுனையை அடியில் நுழைத்து உரித்துவிட வேண்டும். அதில் உள்ள எலாஸ்டின் என்ற புரதம் எத்தனை மணி நேரம் வைத்தாலும் கரையாது.

தோள்பட்டைத் துண்டில் தசைகள் சேரும் இடத்தில் கொழுப்புக்கோடு ஒன்று தெரியும். விரலால் பிரித்தாலே பாதி வழி கொடுக்கும். அந்தக் கோட்டை ஒட்டி இரண்டாகப் பிரித்ததில் ஒவ்வொன்றும் 6 செ.மீ. தடிமனுக்கு அமைந்தது. இந்த ஒரு வெட்டுக்கு நிகரான திருத்தம் வேறில்லை.

உப்பு 18 கிராம், அதாவது கறியின் எடையில் 1.2 விழுக்காடு (தூள் உப்பானால் தலைதட்டிய 3 டீஸ்பூன்). முந்தைய இரவே தடவி, ஃப்ரிட்ஜில் மூடாமல் வைத்தது. இரவோடு உப்பு உள்ளே இறங்கும், மேல்பரப்பு காயும். சமைக்கும் நேரத்தில் சாற்றில் மட்டும் உப்புப் போட்டால் தடித்த துண்டின் நடுப்பகுதி சப்பென்று இருக்கும்.

காலையில் காகிதத் துவாலையால் மறுபடி ஒற்றி, ஒன்றரை டீஸ்பூன் மிளகுத்தூள் தூவி, கனமான வாணலியில் 2 டேபிள்ஸ்பூன் எண்ணெய் காயவிட்டு, ஒவ்வொரு துண்டாக வறுத்தோம், பக்கத்துக்கு 4-5 நிமிடம். இரண்டையும் ஒன்றாகப் போட்டால் நீர் விட்டு வெந்துபோகும், சிவக்காது. எப்போது திருப்புவது என்று கறியே சொல்லிவிடும். முதலில் வாணலியோடு ஒட்டிக்கொண்டு வராது. இடுக்கியால் ஓரத்தை லேசாகத் தூக்கிப் பார்த்து, பிடிவாதமாக ஒட்டியிருந்தால் விட்டுவிட வேண்டும். அடிப்பக்கம் கரும்பழுப்பாகப் பொருக்குக் கட்டியதும் சத்தம் சற்றுத் தணிந்து, துண்டு தானாகவே நழுவிக் கொடுக்கும்.

இப்படி வறுப்பது சாற்றை உள்ளே 'பூட்டி' வைக்கும் என்பது 1847-ல் ஜெர்மானிய வேதியியலர் லீபிக் பரப்பிய கருத்து. பின்னால் நடந்த சோதனைகள் அதைத் தவறென்று காட்டிவிட்டன, இருந்தும் இன்றுவரை சொல்லப்படுகிறது. பொருக்கு நீரைத் தடுக்காது. வறுப்பதன் பயன் சுவையிலும் நிறத்திலும்தான். அந்தச் சுவை வேகமாக உருவாக மேல்பரப்பு 140 டிகிரியை ஒட்டிப் போக வேண்டும், ஆவி நிறைந்த மூடிய சட்டிக்குள் அது நடக்காது. வறுக்காத கறியும் மிருதுவாக வரும், ஆனால் முதல் சட்டியைப்போல் சாம்பல் நிறத்தில், அவித்த வாசனையோடு வரும்.

அதே வாணலியில் கனமாக நறுக்கிய இரண்டு பெரிய வெங்காயம், 8 நிமிடம். ஐந்து பல் பூண்டு. பிறகு தக்காளி விழுது 2 டேபிள்ஸ்பூன், செங்கல் நிறத்துக்கு மாறும்வரை இரண்டு நிமிடம் வதக்கி, உப்புக் குறைந்த இறைச்சிச் சாறு 300 மி.லி. ஊற்றி, அடிப்பிடித்ததை மரக்கரண்டியால் சுரண்டிக் கரைத்தோம். சோயா சாஸ் ஒரு டேபிள்ஸ்பூன், பிரிஞ்சி இலை இரண்டு, தைம் நான்கு கொத்து. ஒரு கொதி.

சட்டியில் அடுக்கிய வரிசை: அடியிலும் சுவரோரமும் 4-5 செ.மீ. துண்டுகளாக 400 கிராம் கேரட், 500 கிராம் உருளைக்கிழங்கு (மாவாகக் கரையாத, கெட்டியான வகை). மேலே இரண்டு கறித்துண்டும் பக்கத்தில் பக்கமாக. கொதிக்கும் சாறு அதன் மேல். சாறு கறியின் மூன்றில் ஒரு பங்கு உயரத்துக்குத்தான் நின்றது. பார்க்கப் போதாததுபோல் இருக்கும். கை சாற்றுக் குடுவையை நோக்கிப் போகும், போகவிடக் கூடாது. மூடிய சட்டியில் ஆவியாகி வெளியேறுவது மிகக் குறைவு, கறி விடும் நீர் பின்னால் வந்து சேரும். தக்காளி டின் கிடையாது.

ஒரு கம்பித் தெர்மாமீட்டரின் முனையைத் தடித்த துண்டின் நடுவில் செருகி, கம்பியை மூடியின் ஓரம் வழியாக வெளியே விட்டோம். முதல் ஒரு மணி நேரம் 'ஹை', பிறகு 'லோ'. நடுப்பகுதி காட்டிய அளவுகள்:

1 மணி நேரம்: 34 டிகிரி
2 மணி நேரம்: 55
3 மணி நேரம்: 68
4 மணி நேரம்: 77
5 மணி நேரம்: 84
6 மணி நேரம்: 89
7 மணி நேரம்: 93

நான்காவது மணி நேர அளவைக் கவனிக்க வேண்டும். முதல் சட்டி எட்டு மணி நேரத்துக்குப் பிறகு நின்ற அதே 77. அந்த நேரத்தில் மட்டும் மூடியைத் திறந்து ஓரத்தில் விரல் அகலத்துக்கு ஒரு துண்டு அறுத்துப் பார்த்ததில், அதே ரப்பர், அதே வறட்சி. வளைத்தால் உடையாமல் வளைந்து, விட்டால் நிமிர்ந்தது. மூன்றேகால் மணி நேரம் கழித்து அதே கறியின் அதே பக்கத்திலிருந்து எடுத்த துண்டு விரலின் அழுத்தத்திலேயே நாராகப் பிரிந்தது, பிரிந்த இடம் ஈரமாகப் பளபளத்தது. கறி ஒன்று, சட்டி ஒன்று. நடுவில் நடந்தது மேலும் வேகவிட்டது மட்டுமே.

வெப்பமானி இல்லாதபோது

முள்கரண்டியைத் தடித்த துண்டின் நடுவில் இறக்கிக் கால் சுற்று திருப்ப வேண்டும். வெறுமனே இறங்குவது போதாது, 77 டிகிரிக் கறியிலும் இறங்கத்தான் செய்கிறது. திருப்பும்போது நார்கள் விலகி வழிவிட வேண்டும். வெளியே இழுக்கும்போது கறி கூடவே எழும்பி வரக் கூடாது. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது சோற்றுக்குச் சரி. இங்கே ஓரத்தில் பார்த்த பதம் நடுவுக்குப் பொருந்தாது, நடுவிலேயே பார்க்க வேண்டும்.

கறி கடினமாக இருந்தால் அது வேகாததா, மிஞ்சி வெந்ததா என்பதைக் கண்ணாலேயே பிரிக்கலாம். வேகாதது வடிவம் காக்கும். சீராகத் துண்டு விழும், அழுத்தினால் துள்ளும். மிஞ்சி வெந்தது தூக்கும்போதே கலைந்துவிடும். பஞ்சு நூல்போல உதிரும், மென்றால் சக்கையாக வாயில் தங்கும். 'லோ'வில் பத்து, பதினொரு மணி நேரம் விட்டால் இந்த இரண்டாவது நிலை வரும். ஆகவே 'கெட்டியாக இருக்கிறது, உருவமும் குலையவில்லை' என்றால் விடை எப்போதும் இன்னும் ஒரு மணி நேரம்தான். உயரமான மலைப்பகுதிகளில் இது இன்னும் நீளும். 1,500 மீட்டர் உயரத்தில் தண்ணீரே 95 டிகிரியில் கொதித்துவிடுவதால் சட்டிக்கு அதற்கு மேல் போக வழியில்லை.

மூன்றாவது சட்டி: கறியே வேறானால்

முறையை அப்படியே வைத்துக்கொண்டு, கறியை மட்டும் மாற்றிப் பார்த்தோம்: பின்தொடையின் கொழுப்பற்ற உருளைத் தசை, 1.5 கிலோ, நீளவாக்கில் இரண்டாகப் பிளந்தது. கடைகளில் இதையும் 'ரோஸ்ட்' என்றே எழுதி வைப்பதால் ஏமாறுவது எளிது. ஏழு மணி நேரத்தில் 94 டிகிரி. முள்கரண்டி தாராளமாகத் திரும்பியது. வாயில் போட்டால் வறட்சி. ஒவ்வொரு நாரும் தனித்தனியாகக் காய்ந்து நின்றது, குழம்பில் முக்கினால்தான் விழுங்க முடிந்தது. நீர் போனது தோள்பட்டைக் கறியில் போனதுபோலத்தான். அந்த இடத்தை நிரப்பப் போதிய ஜவ்வும் கொழுப்பும் இதில் இல்லை.

இதைச் சமையல் முறையால் சரிசெய்ய முடியாது. இந்தத் தசைக்கு ஏற்றது ஓவனில் குறைந்த சூட்டில் வாட்டி, நடுப்பகுதி இளஞ்சிவப்பாக இருக்கும்போதே எடுத்து, காகிதம்போல மெல்லியதாகச் சீவுவது. ஸ்லோ குக்கருக்கு முதல் தேர்வு தோள்பட்டை. அடுத்து நெஞ்சுப் பகுதி. அதன் நார் நீளம் என்பதால் ஒரு மணி நேரம் கூடுதலாகத் தேவைப்படும்.

குழம்பும் வெட்டும்

இரண்டாவது சட்டியில் ஊற்றிய 300 மி.லி. சாறு, கறி வெந்து முடிந்தபோது ஏறத்தாழ முக்கால் லிட்டராகியிருந்தது. கறி 1.5 கிலோவிலிருந்து 960 கிராமுக்கு இறங்கியிருந்தது. முதல் சட்டியில் சாறு ஏன் அவ்வளவு தண்ணீராக இருந்தது என்பதற்கும் இதுவே பதில்: கறியும் தக்காளியும் எப்படியும் விடும் நீரின் மேல் முக்கால் லிட்டரை முன்கூட்டியே ஊற்றியிருந்தார்கள்.

கறியையும் காய்களையும் எடுத்து, இரண்டு கரண்டிச் சாறு தெளித்து, மூடி 15 நிமிடம் வைக்க வேண்டும். அதற்குள் சாற்றை வடிகட்டி, ஐந்து நிமிடம் அசையாமல் வைத்தால் கொழுப்பு மேலே தெளிந்துவிடும். அதைக் கரண்டியால் வழித்தெடுத்து, அகன்ற வாணலியில் 450 மி.லி. ஆகும்வரை சுண்டவிட்டோம், 12-15 நிமிடம். ஒரு டேபிள்ஸ்பூன் சோளமாவை இரண்டு டேபிள்ஸ்பூன் குளிர்ந்த நீரில் கரைத்து, கொதிக்கும்போது கிளறிக்கொண்டே ஊற்றி, ஒரு நிமிடம். மாவைத் தொடக்கத்திலேயே சட்டியில் போட்டால் நீண்ட நேரக் கொதிப்பில் அதன் கெட்டித்தன்மை உடைந்துபோகும். உப்புச் சரிபார்ப்பது சுண்டிய பிறகு மட்டுமே. கடைசியாக ஒரு டீஸ்பூன் வினிகர். மணிக்கணக்கில் வெந்த குழம்பு மந்தமாகத்தான் இருக்கும், இந்தத் துளிப் புளிப்பு அதை எழுப்பிவிடும்.

அறுப்பது நாருக்குக் குறுக்கே, ஒன்றரை செ.மீ. தடிமனில். இரண்டு துண்டிலும் நார் ஒரே திசையில் ஓடாது என்பதை மறக்கக் கூடாது. ஒன்றை அறுத்த கோணத்திலேயே அடுத்ததையும் அறுத்தால், நன்றாக வெந்த கறியும் நீளநீள நாராக வரும். ஒவ்வொன்றின் ஓரத்தையும் சிறிது கிள்ளிப் பார்த்துத் திசை தெரிந்துகொண்டு கத்தியை வைக்க வேண்டும்.

மீந்ததை இரண்டு மணி நேரத்துக்குள் ஆழமில்லாத பாத்திரங்களில் பிரித்து ஃப்ரிட்ஜில் வைத்தால் மூன்று, நான்கு நாள் இருக்கும். பீங்கான் சட்டியோடு அப்படியே வைக்கக் கூடாது, அது சூட்டை விடாமல் பிடித்து வைத்திருக்கும். மறுபடி சூடாக்குவதும் ஸ்லோ குக்கரில் வேண்டாம், அடுப்பில் 74 டிகிரி வரை. மறுநாள் குழம்பு ஜெல்லியாக உறைந்து, பாத்திரத்தைச் சாய்த்தாலும் நகராமல் நிற்கும். ஜவ்வு எவ்வளவு கரைந்தது என்பதை அதிலேயே பார்க்கலாம். முதல் சட்டியில் மீட்பதற்கு முன் வடித்து எடுத்துத் தனியாக வைத்த சாறு மறுநாளும் தண்ணீராகவே ஆடியது.